உயிரோடு இருப்பவனைக் கைப்பற்ற முடியாது

"கொன்றுவிடாதீர்கள், உயிருடன் கைப்பற்றுங்கள்." வேற்றுக்கிரகவாசிகளோடு போரிடும் எக்ஸ்காம் என்ற கணினி விளையாட்டைத் தமிழில் விளக்கும் காணொளி ஒன்றில் இந்த வாக்கியத்தைக் கேட்டேன். அதற்கு முன்பே ஒரு வழிகாட்டிக் கட்டுரையில் 'எதிரியைக் கைப்பற்றும் கருவி' என்று படித்திருந்தேன். இரண்டையும் பொறுத்துக்கொண்டேன். பிறகு விளையாட்டுச் சொற்பட்டியல் ஒன்று மெய்ப்புப் பார்க்க என் மேசைக்கே வந்தது. 'கேப்சர்' என்பதற்கு நேரே அதே 'கைப்பற்று'. சிவப்பு மையில் அடித்து 'சிறைபிடி' என்று எழுதி அனுப்பினேன். இரண்டாம் மெய்ப்பில் 'கைப்பற்று' என்றே திரும்பி வந்தது. ஓரத்தில், 'அகராதியில் இதுதான் முதல் பொருள்' என்று பென்சிலில் ஒரு குறிப்பு. அந்தக் குறிப்புக்குத்தான் இந்தப் பதில்.

'கேப்சர்' லத்தீனில் 'பிடி, எடு' என்று பொருள்படும் 'காபெரே' என்ற வினையிலிருந்து பிரெஞ்சு வழியாக ஆங்கிலத்துக்கு வந்தது. கைதியைக் குறிக்கும் 'கேப்டிவ்' அதன் உடன்பிறப்பு. ஆங்கிலத்தில் இந்த ஒரே சொல் கோட்டைக்கும் ஆளுக்கும் சதுரங்கக் காய்க்கும் திரையில் எடுக்கும் படத்துக்கும் போதும். தமிழில் கோட்டையைக் கைப்பற்றுகிறோம், காயை வெட்டுகிறோம், படத்தை எடுக்கிறோம், ஆளைப் பிடிக்கிறோம். அகராதி இவற்றில் ஒன்றைத்தான் முதலில் அச்சிட முடியும். முதலில் அச்சானது என்பதாலேயே அது எல்லா இடத்துக்கும் பொருந்திவிடாது.

இந்தச் சொல் விளையாட்டில் என்ன வேலை செய்கிறது என்று பார்க்க வேண்டும். முறைவைத்து ஆடும் போர்த்தந்திர விளையாட்டுகளில் எதிரியைக் கொல்வது எளிது, உயிரோடு பிடிப்பது கடினம். 1994இல் வந்த முதல் எக்ஸ்காமில், மின்தடியோடு வேற்றுக்கிரகவாசியின் பக்கத்துக்கே போக வேண்டும், அல்லது மயக்கக் குண்டு ஏவ வேண்டும். மயக்கத்தின் அளவு அதன் உடல்நலத்தை எட்டினால் அது சாயும். ஆனால் ஒவ்வொரு முறைக்கும் மயக்கம் கொஞ்சம் கொஞ்சமாகத் தெளியும். சண்டை முடிவதற்குள் எழுந்துவிட்டால், பக்கத்தில் கிடக்கும் துப்பாக்கியை எடுத்துக்கொண்டு மறுபடியும் சுடும். அதனால்தான் பழகிய ஆட்டக்காரர்கள் முதலில் ஆயுதத்தை அப்புறப்படுத்துவார்கள். தளத்தில் அடைத்துவைக்கக் கொட்டடி இல்லையென்றால் பிடித்துவந்தது செத்துப்போகும். இவ்வளவு பாடும் எதற்கு? படைத்தலைவன் ஒருவனை உயிரோடு பிடித்து விசாரிக்காமல் கடைசிப் போருக்கு வழி திறக்காது.

2012இல் ஃபிராக்ஸிஸ் நிறுவனம் புதுப்பித்து உருவாக்கிய எக்ஸ்காமிலும் இதே கதைதான். ஆர்க் த்ரோவர் என்ற கருவியோடு எதிரிக்கு மிக அருகே போக வேண்டும். எதிரியின் உயிர் எவ்வளவு குறைந்திருக்கிறதோ அவ்வளவுக்கு வாய்ப்புக் கூடும். கொன்றால் அதன் ஆயுதம் சில்லுச் சில்லாகச் சிதறிவிடும், பிடித்தால் முழுதாகக் கிடைக்கும்.

என் மறுப்பின் ஆணிவேர் இங்கேதான் இருக்கிறது. இந்த விளையாட்டுகளில் எதிரி இரண்டு வடிவில் நம் தளத்துக்கு வருகிறான், சடலமாக அல்லது கைதியாக. சடலம் பிரேதப் பரிசோதனைக்குப் போகும், கைதி விசாரணைக்குப் போவான். இரண்டுக்கும் தனித்தனி அறை, தனித்தனிப் பயன். இப்போது எந்தத் தமிழ் நாளிதழையும் புரட்டிப் பாருங்கள். மனிதரைப் பற்றிய செய்தியில் 'கைப்பற்றி' என்ற சொல் எங்கே வருகிறது? 'போலீசார் உடலைக் கைப்பற்றிப் பிரேதப் பரிசோதனைக்கு அனுப்பினர்.' அங்கேதான். ஆயுதங்களைக் கைப்பற்றுவார்கள், கள்ளச்சாராயத்தைக் கைப்பற்றுவார்கள், ஆட்சியைக் கைப்பற்றுவார்கள். ஆள் என்று வந்தால், உயிர் போன பிறகுதான் அவரைக் 'கைப்பற்ற' முடியும். எக்ஸ்காமில் வரும் வேற்றுக்கிரகவாசி வகைகளில் ஒன்று செக்டாய்ட். 'செக்டாய்டைக் கைப்பற்றினோம்' என்று படிக்கும் தமிழ் வாசகனுக்குக் கண்முன் வருவது துணி போர்த்திய உடல். விளையாட்டு எந்த வேறுபாட்டின் மேல் நிற்கிறதோ அதையே இந்த மொழிபெயர்ப்பு அழித்துவிடுகிறது. அதனால்தான் இவர்களுக்கு ஒவ்வொரு முறையும் 'உயிருடன்' என்று முட்டுக்கொடுக்க வேண்டியிருக்கிறது. சொல் சரியாக இருந்தால் முட்டு தேவைப்படாது. 'சிறைபிடித்தார்கள்' என்றாலே உயிருடன்தான்.

இன்னொரு சிக்கலும் உண்டு. 1999இல் ஜப்பானில் வந்த ஃபயர் எம்பளம்: திரேசியா 776 விளையாட்டில் இரண்டு கட்டளைகள் தனித்தனியே இருக்கின்றன. ஒன்று எதிரியைப் பிடிப்பது. அதற்கு முயலும் வீரனின் திறன்கள் அந்தச் சண்டையில் பாதியாகக் குறையும். பிடிபட்டவன் கையிலிருப்பதைப் பறித்துக்கொண்டு பிறகு அவனை விடுவிக்கலாம். இன்னொன்று, கோட்டை வாயிலில் போய் நின்று அதை வசப்படுத்துவது. இந்த இரண்டாவதுக்குத்தான் 'கைப்பற்று' கச்சிதமாகப் பொருந்தும். அதைக் கொண்டுபோய் முதலாவதுக்குக் கொடுத்துவிட்டால் வாயிலுக்கு எதைக் கொடுப்பது? எதிர்ச்சொல்லையும் பாருங்கள். சிறைபிடித்தவனை விடுவிக்கலாம். கைப்பற்றியதைத் திருப்பிக் கொடுக்கத்தான் முடியும்.

பழைய இலக்கியத்தைக் காட்டி என்னை மறுக்க வருவார்கள் என்பது தெரியும். புறநானூற்று 74ஆம் பாட்டின் அடியில் உள்ள குறிப்பு, சேரமான் கணைக்கால் இரும்பொறை திருப்போர்ப்புறத்தில் சோழன் செங்கணானோடு பொருது 'பற்றுக்கோட்பட்டு', அதாவது பிடிபட்டு, என்கிறது. பற்று இருக்கிறதே என்பார்கள். இருக்கிறது, மறுக்கவில்லை. ஆளைப் பற்றுவது நல்ல தமிழ்தான். ஆனால் அந்தச் சொல்லுக்கு முன்னால் 'கை' வந்து ஒட்டிக்கொண்ட பிறகு அது வேறு வழியில் போய்விட்டது, உடைமையாக்கிக்கொள்வதைக் குறிக்கத் தொடங்கிவிட்டது. அதே குறிப்பு அடுத்துச் சொல்வதையும் படிக்க வேண்டும்: குடவாயிற் கோட்டத்துச் சிறையில் கிடந்து, தண்ணீர் கேட்டு, உடனே கிடைக்காமல் பிறகு கிடைத்ததைக் கையில் வைத்திருந்தும் குடிக்காமல் உயிர்விட்டான். தன்னைச் சங்கிலியில் கட்டிய நாயாக, 'தொடர்ப்படு ஞமலியின்' என்று பாடிவிட்டுச் செத்த அரசனின் கதை அது. பிடிபட்டவனுக்கு மானமும் வாயும் உண்டு என்பதை அதைவிடத் தெளிவாகச் சொல்ல முடியாது. பொருளுக்குச் சொல்லும் வினையை அவனுக்குச் சொல்ல எனக்குக் கை வரவில்லை.

'அகப்படுத்து' என்று ஒரு நண்பர் பரிந்துரைத்தார். நல்ல மரபுள்ள சொல்தான். ராஜேந்திர சோழனின் மெய்க்கீர்த்தி கடாரத்தரசனை யானையோடும் 'அகப்படுத்து' என்றே பேசுகிறது. ஆனால் இன்றைய வாசகனுக்கு 'அகப்படுதல்' என்றால் தேடிய சாவி அகப்பட்டது என்ற அளவில்தான் பழக்கம். பொத்தானில் எழுதினால் ஒரு கணம் தயங்குவான். தூய்மை வேண்டும்தான், அதற்காகத் தெளிவை விலையாகக் கொடுக்க நான் தயாராக இல்லை.

'கைது' வேறு வகை. விலங்கு, தளை என்று பொருள்படும் அரபுச் சொல்லிலிருந்து வந்து தமிழில் வேர்விட்டுவிட்டது, அதன் பிறப்பில் எனக்குக் குறையில்லை. ஆனால் கைது என்றால் சட்டமும் காவல் துறையும் நீதிமன்றமும் கூடவே வரும். 2020இல் வந்த எக்ஸ்காம்: கைமேரா ஸ்குவாட் ஒரு நகரத்தின் அமைதிகாக்கும் படையைப் பற்றியது. அங்கே 'கைது' பொருந்தும், நானே போடுவேன். பறக்கும் தட்டிலிருந்து இறங்கிவந்து சுடுகிறவனை யாரும் கைது செய்வதில்லை.

'உயிருடன் பிடித்தல்' என்பதிலும் தவறில்லை. 2021இல் மசினகுடியில் டி23 புலியை வனத்துறையினர் மயக்க ஊசி போட்டுப் பிடித்தபோது எல்லா இதழ்களும் அப்படித்தான் எழுதின. ஆனால் அது விலங்குக்கான பேச்சு. பிடித்த புலியிடம் யாரும் கேள்வி கேட்பதில்லை. விசாரணைக்கு உட்படும் எதிரிக்குப் போரின் சொல் வேண்டும்.

சிறை என்ற சொல்லுக்குள்ளேயே அந்தப் பொருள் இருக்கிறது. 'வருவிசைப் புனலைக் கற்சிறை போல' ஒருவன் தனியாகப் படையைத் தாங்கி நிற்பதாகத் தொல்காப்பியம் சொல்கிறது. அங்கே சிறை என்பது அணை. பாய்ந்து வருவதை அழிக்காமல் தடுத்து நிறுத்துவது. இன்று ஊர்மக்கள் குடிநீர் கேட்டு பஸ்சைச் 'சிறைபிடித்தார்கள்' என்று செய்தி வரும்போது சிலர் முகம் சுளிக்கிறார்கள். எனக்கு அது அழகான பயன்பாடாகவே படுகிறது. பஸ்சை உடைக்கவில்லை, எரிக்கவில்லை, சொந்தமாக்கிக்கொள்ளவும் இல்லை. நிறுத்திவைத்திருக்கிறார்கள், அதிகாரி வந்து பேசியதும் விட்டுவிடுவார்கள். சொல்லின் உயிர் அந்த மக்களுக்குத் தெரிந்திருக்கிறது.

ஒரு சொல் பிசகினால் பக்கத்துச் சொற்களும் பிசகுகின்றன. அதே பட்டியலில், மயங்கச் செய்வதற்கு 'திகைக்கவை' என்று இருந்தது. மின்தடியால் அடிபட்டு விழுந்தவன் திகைக்கவில்லை, நினைவிழந்து கிடக்கிறான். மயக்க ஊசி என்ற சொல் ஊரெங்கும் புழங்கும்போது 'மயக்கு' எப்படித் தோன்றாமல் போனது? பிடித்த வேற்றுக்கிரகவாசிகளை அடைக்கும் 'கன்டெயின்மென்ட்' என்ற இடத்துக்கு 'கட்டுப்பாட்டு அறை' என்று எழுதியிருந்தார்கள். கட்டுப்பாட்டு அறை என்றால் திரைகளுக்கு முன்னால் அதிகாரிகள் உட்கார்ந்திருக்கும் இடம். ஆங்கிலச் சொல்லின் வேரைத் தோண்டிப் பார்த்துவிட்டு, அந்த அறைக்குள் யார் இருக்கிறார்கள் என்று பார்க்காமல் எழுதுவதால் வரும் கேடு இது. மொழிபெயர்ப்பவர் ஒரே ஒரு முறை அந்த விளையாட்டை ஆடியிருந்தால் போதும்.

நம் திண்ணைகளில் கல்லில் கோடு கிழித்து ஆடிய ஆடுபுலி ஆட்டமும் முறைவைத்து ஆடுவதுதான். புலி ஆட்டை வெட்டும். ஆடுகள் புலியை வெட்ட முடியாது, நகரவிடாமல் அடைக்கும். கொல்வதற்கு ஒரு சொல், உயிரோடு மடக்குவதற்கு வேறொரு சொல். பள்ளிக்கூடம் போகாத பாட்டிகூட இந்த இரண்டையும் மாற்றிச் சொன்னதில்லை.

மூன்றாம் மெய்ப்பு நாளை போகிறது. கட்டளைக்கு 'சிறைபிடி', பிடிபட்டவனுக்கு 'சிறைப்பட்டவன்', விசாரணைக்குக் காத்திருக்கும்போது 'போர்க்கைதி', அடைக்கும் இடத்துக்கு 'கொட்டடி', தடிக்கு 'மயக்கத்தடி' என்று எழுதியிருக்கிறேன். 'கைப்பற்று' என்பதையும் பட்டியலிலிருந்து நீக்கவில்லை, கோட்டை வாயிலுக்கு நேரே வைத்திருக்கிறேன். பென்சில் குறிப்பின் கீழே நாளிதழில் வந்த ஒரு செய்தியைக் கத்தரித்து ஒட்டியிருக்கிறேன். கிணற்றிலிருந்து 'கைப்பற்றப்பட்ட' உடலைப் பற்றிய நான்கு வரிச் செய்தி அது.