தெசபரெசீதோ: தமிழில் எப்படிச் சொல்வது?

ஸ்பானிய மொழியில் ‘அபரெசேர்’ என்றால் தோன்றுதல். லத்தீன் வழி வந்த வினை. முன்னால் ‘தெஸ்’ சேர்ந்தால் கண்ணில் படாமல் போதல். தொலைந்த சாவிக்கும் சொல்வார்கள். ‘தெசபரெசீதோ’ அதன் வினையாலணையும் பெயர்.

1976 மார்ச் 24 அன்று அர்ஜென்டினாவில் ராணுவம் ஆட்சியைப் பிடித்தது. 1983 வரை பல்லாயிரம் பேரை வீட்டிலும் தெருவிலும் பிடித்துப் போய், ரகசிய முகாம்களில் வைத்து வதைத்துக் கொன்றது. உடலும் கொடுக்கவில்லை, பதிலும் சொல்லவில்லை. அவர் உயிரோடும் இல்லை, இறந்தும் போகவில்லை, தெசபரெசீதோ என்று 1979இல் நிருபர்களிடம் விளக்கம் கொடுத்தார் ஆட்சித் தலைவர் விதேலா. செய்தவனே இல்லாத வினையாக அதை அவர் வைத்திருந்தார். குடும்பங்களோ அந்த வினைக்குச் செயப்படுபொருள் கொடுத்து, ‘அவனைக் காணாமல் ஆக்கினார்கள்’ என்று பேசின.

தமிழில் ‘மறைந்தவர்’ என்று எழுதிவிடக் கூடாது. நம் வழக்கில் மறைந்தவர் என்றால் இறந்தவர். 1977 முதல் வியாழக்கிழமைதோறும் தலைநகர் புவெனோஸ் ஐரெஸின் மாயோ சதுக்கத்தைச் சுற்றி நடந்த, பிடித்துப் போகப்பட்டவர்களின் தாய்மார்கள் ஏற்க மறுத்த சொல்லே அதுதான். தலையில் அவர்கள் கட்டிய வெள்ளைத் துணி, முதலில் பிள்ளைகளுக்குக் கட்டிய அரைத்துணி. அவர்கள் எழுப்பிய முழக்கமும் இதே வேரில் பிறந்தது: ‘அபரிசியோன் கோன் வீதா’, உயிரோடு தோன்ற வேண்டும்.

‘காணாமல் போனவர்’ என்பதும் எனக்கு உடன்பாடில்லை. திருவிழாக் கூட்டத்தில் குழந்தை காணாமல் போகும். ‘போ’ என்ற வினை பழியைப் போனவர் மேலேயே போட்டுவிடுகிறது. சரியான சொல் ஈழத்தில் ஏற்கெனவே புழங்குகிறது: வலிந்து காணாமல் ஆக்கப்பட்டோர். 2017 பிப்ரவரியில் கிளிநொச்சியில் தொடர் போராட்டத்தில் உட்கார்ந்த அம்மாக்கள் அந்த ‘ஆக்கப்பட்ட’வை விட்டுக்கொடுக்காமல் சொல்லிவருகிறார்கள். தெசபரெசீதோவுக்கும் அதையே வைக்கலாம்: காணாமல் ஆக்கப்பட்டவர்.

புவெனோஸ் ஐரெஸ் நாளிதழ் ‘பாகினா 12’இல் 1988 முதல் குடும்பங்கள் நினைவு விளம்பரம் கொடுக்கின்றன. சிறிய கறுப்பு வெள்ளைப் படம், பெயர், பிடித்துப் போன தேதி, கீழே அவரிடமே பேசுவதுபோல் இரண்டு வரி. இறந்த நாள் என்று போட அவர்களிடம் தேதி இல்லை.