கண்ணாடியைத் திருப்பினால் ஒளி ஏன் குறைகிறது?

மதுரை வண்டியூர் மாரியம்மன் தெப்பக்குளத்தில் தண்ணீர் நிறைந்திருக்கும்போது, காலை வெயிலில் மேற்குக் கரையில் நின்று நடு மண்டபத்தைப் பார்ப்பது எளிதல்ல. நீரில் பட்டுத் தெறிக்கும் வெளிச்சம் கண்ணைக் கூசவைக்கும். சாதாரண கூலிங் கிளாஸ் போட்டால் கூச்சம் குறையும். ஆனால் மண்டபம், படிக்கட்டு, கரையோர மரங்கள் எல்லாம் அதே அளவுக்கு மங்கிப்போகும். போலரைஸ்டு கண்ணாடி போட்டால் நடப்பது வேறு. நீரின் பளபளப்பு பெருமளவு அடங்கிவிடும், மண்டபம் தெளிவாகத் தெரியும். கரையோரத்தில் மூழ்கியிருக்கும் படிகள்கூடக் கண்ணுக்குத் தட்டுப்படலாம். அந்தக் கண்ணாடியைக் கழற்றி, கண்ணுக்கு முன்னால் பிடித்து மெல்லத் திருப்பிப் பாருங்கள். பளபளப்பு கொஞ்சம் கொஞ்சமாகத் திரும்பி வரும். கால் வட்டம் திருப்பியதும் பழையபடி கண் கூசும். கண்ணாடியின் நிறமும் மாறவில்லை, தடிமனும் மாறவில்லை. கோணம் மட்டும்தான் மாறியது.

ஒளி என்பது மின்புலமும் காந்தப்புலமும் சேர்ந்து அதிரும் அலை. அந்த மின்புலம், ஒளி போகும் திசைக்குக் குறுக்காகவே அதிரும். குறுக்கு என்றால் ஒரு திசை மட்டும் இல்லை. மேல்-கீழ், இடம்-வலம், சாய்வு என எத்தனையோ திசைகள் உண்டு. சூரிய ஒளியிலும் குண்டு பல்பின் ஒளியிலும் இந்தத் திசைகள் எல்லாம் கலந்து கிடக்கின்றன. ஒரே திசையில் மட்டும் அதிரும் ஒளியைத் தளவிளைவுற்ற ஒளி என்று பள்ளிப் பாடத்தில் படித்திருப்போம். கலந்து வரும் ஒளியிலிருந்து ஒரு திசை அதிர்வை மட்டும் வெளியே விடுவதுதான் போலரைஸ்டு கண்ணாடியில் இருக்கும் போலராய்டு ஃபிலிமின் வேலை.

அமெரிக்காவைச் சேர்ந்த எட்வின் லேண்ட் 1930-களில் இந்த ஃபிலிமைப் பெருமளவில் செய்யும் வழிகளைக் கண்டுபிடித்தார். இன்றைக்கும் பெரும்பாலும் அந்த முறைதான். பாலிவினைல் ஆல்கஹால் என்ற பிளாஸ்டிக் தாளை ஒரு பக்கமாக நன்றாக இழுத்து நீட்டுவார்கள். அதன் நீண்ட மூலக்கூறுச் சங்கிலிகள் எல்லாம் இழுத்த பக்கமாக வரிசை கட்டும். அயோடின் ஏற்றியதும், சங்கிலி நெடுக எலக்ட்ரான்கள் ஓடியாட வழி கிடைக்கும். சங்கிலியின் திசையில் அதிரும் மின்புலம் அந்த எலக்ட்ரான்களை அசைத்து, தன் ஆற்றலை அவற்றிடம் இழந்துவிடுகிறது. அந்த ஆற்றல் ஃபிலிமில் வெப்பமாகிறது. சங்கிலிக்குக் குறுக்காக அதிரும் மின்புலத்தால் எலக்ட்ரான்களை அப்படி அசைக்க முடியாது, அதனால் அது தப்பித்து வெளியே வருகிறது.

இதை விளக்கச் சன்னல் கம்பியைக் காட்டுவது வழக்கம்: நெட்டுக் கம்பிகளுக்கு நடுவே நெட்டாக ஆடும் கயிறு நுழையும், படுக்கையாக ஆடும் கயிறு நுழையாது என்பார்கள். படம் அழகாக இருக்கிறது, ஆனால் தவறான இடத்துக்குக் கூட்டிப்போகிறது. ஃபிலிமில் சங்கிலிகள் நெட்டாக இருந்தால் நெட்டு அதிர்வுதான் சாகும், படுக்கை அதிர்வுதான் பிழைக்கும். இதைவிடப் பெரிய குறை ஒன்றும் அந்தப் படத்தில் உண்டு, பின்னால் வருகிறேன்.

முதலில் கணக்கு. எல்லாத் திசையும் கலந்த ஒளி ஒரு போலராய்டு வழியே போனால், குறையில்லாத ஃபிலிமாக இருந்தால் செறிவு சரிபாதியாகும். ஃபிலிமை எப்படித் திருப்பினாலும் பாதிதான், ஏனென்றால் வரும் ஒளிக்குத் தனக்கென ஒரு திசை இல்லை. ஆனால் வெளியே வரும் ஒளிக்கு ஒரு திசை வந்துவிட்டது. அதன் முன்னால் இரண்டாவது ஃபிலிமைப் பிடித்தால்தான் கோணம் பேச ஆரம்பிக்கிறது. இரண்டு ஃபிலிம்களின் திசைகளுக்கு இடையிலுள்ள கோணத்தின் கொசைன் மதிப்பை எடுத்து வர்க்கப்படுத்துங்கள். முதல் ஃபிலிமைத் தாண்டி வந்த ஒளியில் அந்தப் பங்குதான் இரண்டாவதைத் தாண்டும். மாலஸ் விதி இதுதான்.

வர்க்கம் எதற்கு? சாய்வாக வரும் அதிர்வை, ஃபிலிம் விடும் திசையில் ஒரு பங்கு, அதற்குக் குறுக்கே ஒரு பங்கு என்று இரண்டாகப் பிரிக்கலாம். முதல் பங்கின் வீச்சு, அதாவது அதிர்வின் உயரம், கோணத்தின் கொசைன் அளவுக்குச் சுருங்கியிருக்கும். கண்ணும் கேமராவும் உணர்வது வீச்சை அல்ல, ஆற்றலை. ஆற்றல் வீச்சின் வர்க்கத்தைப் பொறுத்தது. ஆக 30 டிகிரியில் 75 சதவீதம் தாண்டுகிறது, 45-இல் பாதி, 60-இல் கால் பங்கு, 90-இல் ஒன்றுமில்லை. எல்லா இடத்திலும் ஒரே வேகத்தில் குறைவதும் இல்லை. நேராக இருப்பதிலிருந்து 10 டிகிரி திருப்பினால் 97 சதவீதம் மிச்சம், கண்ணுக்கு மாற்றமே தெரியாது. 45-லிருந்து அதே 10 டிகிரி திருப்பினால் 50 சதவீதம் 33-ஆக விழுகிறது. போலரைஸ்டு கண்ணாடி போட்டவர் தலையைக் கொஞ்சம் சாய்த்தாலும் நீரின் பளபளப்பு சட்டென்று திரும்பாததற்குக் காரணம், இந்த வளைகோடு இரண்டு முனைகளிலும் மெதுவாக நகர்வதுதான்.

எத்தியென் லூயி மாலஸ் பிரெஞ்சுக்காரர். 1808-இல் பாரிஸில் தன் வீட்டிலிருந்து, லக்சம்பர்க் அரண்மனைச் சன்னல்களில் பட்டுத் திரும்பிய சூரிய ஒளியை ஒரு கால்சைட் படிகத்தின் வழியே பார்த்தார். கால்சைட் எதையும் இரண்டு பிம்பமாகக் காட்டும். படிகத்தைத் திருப்பத் திருப்ப, இரண்டில் ஒரு பிம்பம் மங்கியது, மற்றது பிரகாசமானது. கண்ணாடியில் பட்டுத் திரும்பும் ஒளிக்கே ஒரு திசை வந்துவிடுகிறது என்பது அப்போதுதான் தெரியவந்தது. ஒளி குறுக்காக அதிரும் அலை என்று இன்னொரு பிரெஞ்சு விஞ்ஞானியான ஃபிரெனெல் வாதிடுவதற்குப் பல ஆண்டுகள் முன்பே மாலஸ் விதியைச் சொல்லிவிட்டார். 1812-இல், 36 வயதில் இறந்துபோனார்.

மாலஸ் சன்னலில் கண்டதுதான் தெப்பக்குளத்திலும் நடக்கிறது. நீரில் பட்டுத் திரும்பும் ஒளியில் படுக்கை அதிர்வு மிகுந்திருக்கும். எந்தக் கோணத்தில் அது முழுக்க முழுக்கப் படுக்கையாகிறது என்பதை ஸ்காட்லாந்து விஞ்ஞானி டேவிட் புரூஸ்டர் 1815-இல் கண்டறிந்தார்: தண்ணீருக்கு, செங்குத்திலிருந்து சுமார் 53 டிகிரி. அதாவது சூரியன் அடிவானத்துக்கு மேல் 37 டிகிரி உயரத்தில் இருக்க வேண்டும். மதுரை கிட்டத்தட்ட 10 டிகிரி வட அட்சரேகையில் இருக்கிறது. மார்ச், செப்டம்பர் மாதங்களின் மூன்றாம் வாரத்தில் கணக்குப் போட்டால், காலை 9 மணிக்குச் சற்று முன்பும் மாலை 4 மணிக்குச் சற்று முன்பும் அந்த உயரம் வருகிறது. போலரைஸ்டு கண்ணாடிகள் நெட்டு அதிர்வை மட்டும் விடும்படி செய்யப்பட்டவை. அந்த வேளையில் நீர் திருப்பும் சூரிய ஒளிக்கும் அவற்றுக்கும் 90 டிகிரி வித்தியாசம். அதனால்தான் பளபளப்பு அணைந்துபோகிறது. காற்றில் அலையடித்தால் அங்கங்கே கோணம் மாறும், அணைவதும் முழுமையாக இருக்காது.

பித்தளை, எவர்சில்வர் பாத்திரங்களில் இந்த வித்தை பெரிதாகப் பலிக்காது. உலோகம் இரண்டு அதிர்வுகளையுமே நன்றாகத் திருப்பி அனுப்பிவிடும். பாத்திரக் கடை வாசலில் நின்று கண்ணாடி அலமாரியையும் உள்ளே அடுக்கிய குடங்களையும் மாறிமாறிப் பார்த்தால் வித்தியாசம் தெரியும்.

திருச்சியில் பிறந்த சி.வி. ராமனும் இதே உத்தியைத்தான் கையாண்டார். 1921-இல் இங்கிலாந்திலிருந்து 'நர்குண்டா' கப்பலில் திரும்பும்போது, கால்சைட்டால் செய்த நிக்கோல் பட்டகத்தின் வழியே கடலைப் பார்த்தார். நீர்ப்பரப்பில் பிரதிபலிக்கும் வானத்தின் ஒளியை அது அணைத்துவிட்டது. நீலம் போகவில்லை, இன்னும் அழுத்தமாகத் தெரிந்தது. வானத்தின் நிழல்தான் கடலின் நீலம் என்ற விளக்கம் போதாது என்று அதை வைத்தே எழுதினார். வெறும் கண்ணால் பிரிக்க முடியாத இரண்டு ஒளிகளை ஒரு சிறு பட்டகம் பிரித்துக் காட்டியிருக்கிறது. இந்தத் துறையில் எனக்கு மிகவும் பிடித்த சோதனை இது.

வான ஒளியும் திசை கொண்டதுதான். சூரியனிலிருந்து 90 டிகிரி தள்ளியிருக்கும் வானப் பகுதியில் அது மிகுதி. காலையில் தெற்குச் சித்திரை வீதியிலிருந்து மீனாட்சியம்மன் கோயிலின் தெற்குக் கோபுரத்தை வடக்கு நோக்கிப் படம் எடுப்பவர்கள், கேமராவில் போலரைசர் மாட்டித் திருப்பினால் பின்னாலுள்ள வானம் கருநீலமாகும். சுதைச் சிற்பங்களின் வண்ணம் எடுப்பாக நிற்கும்.

இப்போது சன்னல் கம்பியின் பெரிய குறைக்கு வருகிறேன். இரண்டு ஃபிலிம்களை 90 டிகிரியில் குறுக்காக வையுங்கள். இருட்டு. நடுவே மூன்றாவது ஃபிலிமை 45 டிகிரியில் செருகுங்கள். வெளிச்சம் வருகிறது! தடுப்பு ஒன்றைக் கூட்டியதும் ஒளியும் கூடுகிறது. கம்பிக்கு மேல் கம்பி அடித்தால் வழி பெரிதாகும் என்று யாரும் நம்பமாட்டார்கள். ஃபிலிம் வெறுமனே சலித்து எடுக்கும் பொருளாக இருந்தால் இது நடக்கவே நடக்காது. தாண்டிப்போகும் ஒளிக்கு அது புதுத் திசையைக் கொடுத்து அனுப்புகிறது, பழைய திசை அங்கேயே அழிந்துவிடுகிறது. முதல் ஃபிலிமில் பாதி, நடு ஃபிலிமில் அதில் பாதி, கடைசி ஃபிலிமில் அதிலும் பாதி. ஆக மொத்தம் எட்டில் ஒரு பங்கு, 12.5 சதவீதம். நடு ஃபிலிம் இல்லாவிட்டால் பூஜ்யம்.

இன்னும் கூட்டினால் இன்னும் வியப்பு. முதல் ஃபிலிமுக்குப் பின் ஒன்பது ஃபிலிம்களை ஒவ்வொன்றும் 10 டிகிரி கூடுதலாகத் திருப்பி அடுக்கினால், கடைசி ஃபிலிம் முதலாவதற்குச் சரியாகக் குறுக்கே நிற்கும். ஆனாலும், குறையில்லாத ஃபிலிம்கள் என்றால், முதலாவதைத் தாண்டிய ஒளியில் ஏறக்குறைய 76 சதவீதம் வெளியே வந்துவிடும். கால்குலேட்டர் திரையில் இரண்டு போலராய்டுகளுக்கு நடுவே உள்ள திரவப் படிகமும் ஒளியின் திசையை இப்படிப் படிப்படியாகத் திருப்புகிறது. மின்னழுத்தம் கொடுத்ததும் அந்தத் திருப்பம் குலைந்து, அந்த இடம் கறுப்பாகிறது. அந்தக் கறுப்புதான் நாம் படிக்கும் எண்.

செய்துபார்க்க விரும்பினால், மதுரை டவுன்ஹால் ரோடு பக்கம் செல்போன் ரிப்பேர் கடைகளில் உடைந்த டிஸ்ப்ளே கிடைக்குமா என்று கேட்டுப்பாருங்கள். எல்சிடி திரையின் மேல் ஒட்டியிருக்கும் ஃபிலிமைப் பக்குவமாக உரித்தால் அதுவே போலராய்டு. கண்ணாடிக் கடையில் 'போலரைஸ்டு' என்று தருவதைச் சோதிக்கவும் எல்சிடி திரை போதும். திரையை எரியவிட்டு, கண்ணாடியை அதன்முன் பிடித்துத் திருப்புங்கள். ஏதோ ஒரு கோணத்தில் நன்றாகக் கறுத்தால் உண்மையானது. மங்கல் மாறாமல் இருந்தால் அது சாயம் பூசிய கண்ணாடிதான். சில செல்போன்களில் எந்தக் கோணத்திலும் கறுக்காதபடி கூடுதல் அடுக்கு இருக்கும், அதனால் கால்குலேட்டரிலோ லேப்டாப்பிலோ பார்ப்பது நல்லது. புற ஊதாக் கதிரைத் தடுப்பது தனி விஷயம். போலரைஸ்டு என்பதாலேயே அந்தப் பாதுகாப்பு இருக்கிறது என்று எடுத்துக்கொள்ள வேண்டாம், தனியாகக் கேட்டு வாங்குங்கள்.

ஒன்றை மட்டும் கண்டிப்பாகச் சொல்ல வேண்டும். 2019 டிசம்பர் 26 அன்று திண்டுக்கல் பக்கம் வளையமாகத் தெரிந்ததுபோல் அடுத்த கிரகணம் வரும்போது, இரண்டு போலராய்டுகளைக் குறுக்காக வைத்துச் சூரியனைப் பார்க்கலாமே என்று பிள்ளைகளுக்குத் தோன்றலாம். அனுமதிக்காதீர்கள். குறுக்காக வைத்த ஃபிலிம்கள் கண்ணுக்குத் தெரியும் ஒளியைத்தான் அணைக்கின்றன. அகச்சிவப்புக் கதிர் அவற்றைத் தாண்டிப் போய் விழித்திரையைச் சுடும். விழித்திரைக்கு வலி தெரியாது. கிரகணத்துக்கென்றே செய்த சூரியக் கண்ணாடி மட்டும்தான் அதற்கு ஏற்றது.