கான்ஃபிடென்ஷியாலிட்டின்னா ரகசியம் இல்லை, மறைகாப்பு

ஸ்கூல் கவுன்சலிங் ஃபார்மை தமிழ்ல போடும்போது கான்ஃபிடென்ஷியாலிட்டிக்கு நேரா 'ரகசியத்தன்மை'ன்னு போட்டுட்டு அடுத்த வரிக்குப் போயிடறாங்க. டீச்சரா இருந்துக்கிட்டே பசங்களுக்கு கவுன்சலிங்கும் பார்க்கறதால எனக்கு அந்தச் சொல் ரொம்ப நாளா உறுத்திக்கிட்டே இருக்கு.

மூலத்துல இந்தச் சொல்லுக்கும் ரகசியத்துக்கும் சம்பந்தமே இல்லைங்க. லத்தீன்ல 'ஃபீடெஸ்'னா நம்பிக்கை, 'கான்ஃபீடெரே'ன்னா முழுசா நம்பறது. அதுலருந்து வந்ததுதான் நாம தினமும் சொல்ற கான்ஃபிடென்ஸும், அதே வேர்தான் கான்ஃபிடென்ஷியலும். அதாவது ஒருத்தர் என்னை நம்பி ஒண்ணை ஒப்படைச்சிருக்காரு, அந்த நம்பிக்கைக்கு நான் பொறுப்பு. ரகசியம் அப்படி இல்லை, அது 'ரஹஸ்'ங்கிற வடசொல்லுலருந்து வருது, அதுக்கு ஆளில்லாத தனி இடம்னு அர்த்தம். ஒண்ணு நம்பிக்கையைப் பேசுது, இன்னொண்ணு ஒளிவைப் பேசுது.

குழந்தைங்க விஷயத்துல இந்த வித்தியாசம் உயிர்போற விஷயம். ஏன்னா ஒரு குழந்தைகிட்ட தப்பா நடந்துக்கறவன் முதல்ல சொல்றதே "இது நமக்குள்ள ரகசியம், யார்கிட்டயும் சொல்லாத"ங்கிறதுதான், அதே வார்த்தையை நானும் ரூமுக்குள்ள கூப்பிட்டு உக்காரவச்சு சொன்னா அந்தக் குழந்தைக்கு நானும் அவனும் ஒண்ணாத்தானே தெரிவோம்?

இதோட இன்னொரு குழப்பமும் இருக்கு, பிரைவசியையும் இதையும் ஒண்ணுன்னு நினைக்கறது. பிரைவசி, நம்ம சொல்லுல அந்தரங்கம், அது அந்தப் பிள்ளையோட உரிமை. கான்ஃபிடென்ஷியாலிட்டி என்னோட கடமை. பிள்ளை தன் அந்தரங்கத்தை யாருக்கு வேணா சொல்லலாம், நான் சொல்லக்கூடாது. நான் முன்னாடி வேலை பார்த்த ஒரு ஸ்கூல்ல ஒன்பதாங்கிளாஸ் பொண்ணு ஒருத்தி, அப்பா குடிச்சிட்டு வந்து சண்டை போடறதால வீட்டுல படிக்க முடியலைன்னு ஒரு டீச்சர்கிட்ட அழுதிருக்கா. லன்ச் பெல் அடிச்சு நாங்க டிபன் பாக்ஸைத் திறக்கறதுக்குள்ள ஸ்டாஃப் ரூம் முழுக்க அது பேச்சாயிடுச்சு, யாரும் கெட்ட எண்ணத்துல பேசலை, "பாவம்"னுதான் சொன்னாங்க. சாயந்திரம் கிளாஸ்ல இன்னொரு டீச்சர் பரிதாபப்பட்டு "வீட்டுல இப்ப பரவாயில்லையாம்மா"ன்னு எல்லார் முன்னாடியும் கேட்டாங்க, அந்தப் பொண்ணு தலையைக் குனிஞ்சு நோட்டோட ஓரத்தை மடிச்சு மடிச்சு விட்டுக்கிட்டே இருந்தா. அதுக்கப்புறம் அந்த வருஷம் முழுக்க எங்க யார்கிட்டயும் அவ எதுவும் சொல்லலை.

அப்ப எதையுமே சொல்லக்கூடாதான்னா, இல்லை. அமெரிக்காவுல பெர்க்லியில படிச்சிட்டிருந்த ஒரு இந்திய மாணவர், ஒரு பொண்ணை கொல்லப்போறதா தன்னோட சைக்காலஜிஸ்ட்கிட்ட சொன்னாரு. அந்த சைக்காலஜிஸ்ட் கேம்பஸ் போலீஸுக்கு தகவல் குடுத்தாரு, போலீஸ் விசாரிச்சிட்டு விட்டுட்டாங்க, ஆனா டாட்டியானா டாரசாஃப்ங்கிற அந்தப் பொண்ணையோ அவங்க அப்பா அம்மாவையோ யாரும் எச்சரிக்கலை. 1969 அக்டோபர் 27 அன்னைக்கு அந்தப் பொண்ணை அந்த மாணவர் கொன்னுட்டாரு. பெத்தவங்க போட்ட வழக்குல 1976ல கலிஃபோர்னியா சுப்ரீம் கோர்ட், அடுத்தவங்களுக்கு ஆபத்து ஆரம்பிக்கற இடத்துல கான்ஃபிடென்ஷியாலிட்டிங்கிற இந்தப் பாதுகாப்பு முடிஞ்சுடுதுன்னு தீர்ப்பு சொல்லிச்சு. நம்ம நாட்டுல 2017 மனநலச் சட்டமும் 23வது பிரிவுல நோயாளி சொன்னதைக் காக்கணும்னு சொல்லிட்டு, இன்னொருத்தருக்குத் தீங்கு வரும்னா அதைத் தடுக்கற அளவுக்கு மட்டும் சொல்லலாம்னு விதிவிலக்கு வச்சிருக்கு. 2012 போக்சோ சட்டம் இன்னும் கறார், குழந்தைமேல பாலியல் குற்றம் நடந்தது தெரிஞ்சா போலீஸுக்கு சொல்லியே ஆகணும், சொல்லாம விட்டா 6 மாசம் வரைக்கும் ஜெயில், அபராதம், இல்லை ரெண்டும். அதே சட்டம்தான் அந்தக் குழந்தையோட அடையாளத்தை வெளிய விடக்கூடாதுன்னும் சொல்லுது. சொல்லவேண்டிய இடத்துல சொல்லு, மத்த எல்லார்கிட்டயும் காப்பாத்து. இதை 'ரகசியம்'ங்கிற ஒரு சொல்லுக்குள்ள எப்படி அடக்கறது?

அரசாங்க ஃபைல்ல 'மந்தணம்'னு ஒரு சொல் இருக்கு, நல்ல சொல்தான், ஆனா அது ஆபீஸ் காகிதத்துக்குப் பொருந்தும், அழுதுக்கிட்டு வர்ற பிள்ளைக்குப் பொருந்தாது. எனக்குப் பிடிச்சது மறைகாப்பு. 'மறை' குறள்லயே இந்தப் பொருள்ல வருது, "அறைபறை அன்னர் கயவர்தாம் கேட்ட மறைபிறர்க்கு உய்த்துரைக்க லான்", அதாவது தான் கேட்ட மறையை, வெளிய சொல்லக்கூடாத சேதியை, ஊரெல்லாம் கொண்டுபோய்ச் சொல்றவன் அடிக்கற பறை மாதிரி. "அற்றம் மறைக்கும் பெருமை"ன்னும் இன்னொரு குறள் இருக்கு. அடுத்தவங்களோட குறையை, பலவீனத்தை மூடிக் காக்கறதுதான் பெருமையாம், எங்க வேலையை இதைவிட சுருக்கமா யாரும் சொல்லலை.

'காப்பு'தான் இதுல பாதி வேலையைச் செய்யுது. திருவிழாவுக்குக் காப்பு கட்டறோம், குழந்தை கையில காப்பு போடறோம், எல்லாமே ஆளைக் காக்கறதுக்கு. அதனால மறைகாப்புன்னு சொல்லும்போதே காக்கவேண்டியது முதல்ல அந்தப் பிள்ளையை, அப்புறம்தான் அது சொன்ன சேதியைன்னு புரிஞ்சுடும்.

இப்பல்லாம் புதுசா ஒரு பிள்ளை வந்து உக்காந்தா, அது வாயைத் திறக்கறதுக்கு முன்னாடியே இதைச் சொல்லிடறேன்: "நீ சொல்றதை நான் காப்பாத்துவேன்டா. உனக்கோ வேற யாருக்கோ ஆபத்துன்னா மட்டும் உதவி பண்ணக்கூடியவங்ககிட்ட சொல்லுவேன், யார்கிட்ட சொல்லப்போறேன்னு உன்கிட்ட முதல்ல சொல்லிட்டுத்தான் சொல்லுவேன்."