அவாங்-கார்ட்: முன்னணி வேறு, முற்படை வேறு

வழக்கத்தை விட்டு விலகிப் புதுவழி காணும் கலையைக் குறிக்கும் 'அவாங்-கார்ட்' என்னும் பிரெஞ்சுச் சொல்லுக்கு 'முன்னணி' என்று பொருள் எழுதுவது பிழையன்று. ஆனால் அதனை ஒரு நடிகையின் பெயரோடு சேர்த்தவுடன் பொருள் தலைகீழாகிவிடுகிறது. 'முன்னணி நடிகை' என்றால் நம் பத்திரிகை வழக்கில் பெருஞ்சம்பளம் பெறும் நட்சத்திரம் என்றே கொள்வர்.

'அவாங்' என்பது முன். 'கார்ட்' என்பது காவல். பெரும்படைக்கு முன்னே செல்லும் சிறு பிரிவைக் குறித்த இப்போர்க்களச் சொல்லை, 1825-இல் பிரெஞ்சுச் சமூகச் சிந்தனையாளர் சென்-சிமோனின் கொள்கையினர் கலைஞர்களுக்குப் பொருத்தினர். 1920-களில், பிரெஞ்சு இயக்குநர் ஜெர்மேன் துலாக் முதலியோர் வழக்கமான கதைசொல்லலிலிருந்து விலகி எடுத்த படங்களுக்கும் அப்பெயர் வழங்கியது.

இச்சொல்லின் முழுப்பொருளை விளக்கப் பிரெஞ்சு நடிகை தெல்ஃபின் செரிக்கின் (1932–1990) நடிப்புப் பணியே போதும். அலென் ரெனேயின் 'மரியன்பாதில் சென்ற ஆண்டு' (1961) படத்தில், நடந்தது எது, நினைவு எது என்று பிரித்தறிய முடியாத கதையொன்றில் பெயரற்ற பெண்ணாக வந்தார். மார்கரித் துராஸின் 'இந்தியா சாங்' (1975) படத்தில் பாத்திரங்களின் குரல் கேட்கும், திரையில் உதடுகள் அசைவதில்லை. வசனத்தைத் தன் கருவியாகக் கொண்ட எந்த நடிகைக்கும் இது கடும் சோதனை. அதே ஆண்டில் பெல்ஜிய இயக்குநர் ஷாந்தால் ஆகெர்மானின் 'ழான் தீல்மான்' படத்தில், 201 நிமிடங்கள் ஓடும் கதையில், உருளைக்கிழங்கு தோலுரிக்கும் கைம்பெண்ணாக நடித்தார். அந்த வேலைகளைச் சுருக்காமல் காட்டுவதே படத்தின் துணிவு.

தமிழில் முன்செல்லும் படைக்குத் 'தார்', 'தூசி' என்னும் பழஞ்சொற்கள் உண்டு. "தார்தாங்கிச் செல்வது தானை" என்னும் குறளில் (767) வரும் தார், பகைவரின் தூசிப்படையே. எனினும் இன்று தார் சாலையிலும் தூசி அலமாரியிலும் கிடப்பதால் இவற்றை மீட்பது கடினம். 'பரிசோதனைப் படம்' என்பது செய்முறையை மட்டும் சுட்டும்; முன்னே செல்வது என்னும் கருத்து அதில் இல்லை. 'முற்படைச் சினிமா' என்பதே எனக்குப் பொருத்தமாகத் தோன்றுகிறது. 'படை' என்னும் சொல் சேனையையும் படைத்தலையும் ஒருங்கே குறிப்பது கூடுதல் நயம்.

செரிக் 1963-இல் வெனிஸ் திரைப்பட விழாவில் சிறந்த நடிகைக்கான விருது பெற்றவர். 1973-இல் ஒரு வணிகத் துப்பறியும் படத்திலும் நடித்தவர். ஆகவே செரிக்கை 'முன்னணி நடிகை' என்று எழுதினாலும் பொய்யாகாது. ஆனால் ஆகெர்மான் படத்தைப் பற்றிப் பேசும்போது 'முற்படை நடிகை' என்றே எழுத வேண்டும்.