மூலிகைக் கண்டிஷனர்: வழவழப்பு எங்கிருந்து வருகிறது?

ஆளி விதை வெந்த நீரில் விரலை விட்டு எடுத்தால் நூல் நூலாக இழுபடும். செம்பருத்தி இலையைத் தண்ணீரில் கசக்கினாலும், வெந்தயத்தை ஊறவைத்து அரைத்தாலும், கற்றாழை மடலைக் கீறினாலும் கிடைப்பது அதே கொழகொழப்புதான். வீட்டில் தயாரிக்கும் மூலிகைக் கண்டிஷனர்களில் பெரும்பாலானவை இந்தக் கொழகொழப்பை நம்பித்தான் இருக்கின்றன. தடவினால் முடி மிருதுவாகிறது, சிக்கு சுலபமாகப் பிரிகிறது. அதில் சந்தேகமே இல்லை. அதற்குச் சொல்லப்படும் காரணத்தில்தான் பிழை இருக்கிறது. முடிக்கு ஊட்டம் கிடைக்கிறது என்கிறார்கள். வெளியே தெரியும் முடிக்கு ஊட்டம் எடுத்துக்கொள்ளும் சக்தி கிடையாது.

முடியில் உயிருள்ள பகுதி தோலுக்குள் புதைந்திருக்கும் மயிர்க்கால் மட்டுமே. அங்கே செல்கள் பெருகி, கெரட்டின் என்ற புரதத்தால் நிரம்பி, இறுகி இறந்த பிறகுதான் இழையாக மேலே வருகின்றன. மாதத்துக்கு ஏறக்குறைய 1 சென்டிமீட்டர் வளர்ச்சி என்று வைத்துக்கொண்டால், 30 செ.மீ. நீளமுள்ள முடியின் நுனிக்கு வயது இரண்டரை. அத்தனை காலம் வெயில் பட்டு, சீப்பும் துண்டும் உரசி உரசித் தேய்ந்த பகுதி அது. தன்னைத்தானே பழுதுபார்த்துக்கொள்ள அதில் ஒரு செல்கூட உயிரோடு இல்லை. ஆக, கண்டிஷனர் செய்வது பெரும்பாலும் மேற்பரப்பு வேலை. இப்படிச் சொல்வது மூலிகையைக் குறைத்து மதிப்பிடுவதாகாது. எந்தப் பொருள் முடியின் எந்த இடத்தில் என்ன செய்கிறது என்று புரிந்தால்தான் நல்ல கலவையைச் செய்ய முடியும்.

ஒரு முடி இழையின் தடிமன் பொதுவாக 50 முதல் 100 மைக்ரான் (ஒரு மைக்ரான் என்பது மில்லிமீட்டரில் ஆயிரத்தில் ஒரு பங்கு). அதன் மேலுறை, கூரையில் ஓடு வேய்ந்ததுபோல் ஒன்றன்மேல் ஒன்று ஏறிப் படுத்திருக்கும் செதில்களால் ஆனது. 5 முதல் 10 அடுக்குகள். ஒவ்வொரு செதிலும் சுமார் அரை மைக்ரான் கனம். செதில்களின் விளிம்பு நுனியைப் பார்த்திருக்கும். அதனால்தான் வேரிலிருந்து நுனிக்கு விரலை ஓட்டினால் வழுக்குகிறது, நுனியிலிருந்து வேருக்கு ஓட்டினால் சொரசொரக்கிறது. செதிலின் வெளிப்பரப்பில் 18-மெத்தில் ஐகோசனோயிக் அமிலம் என்ற கொழுப்பு வேதிப் பிணைப்பால் ஒட்டிக்கொண்டிருக்கிறது. மிக மிக மெல்லிய படலம்தான். ஆனாலும் நல்ல முடி தண்ணீரை உதறித் தள்ளுவதும், இழையோடு இழை உராயாமல் நழுவுவதும் அதனால்தான். ப்ளீச், நிரந்தரச் சாயம், காரத்தன்மையுள்ள ரசாயனங்கள், நீண்ட கால வெயில் எல்லாம் அந்தப் படலத்தை அரித்துவிடுகின்றன. போனது போனதுதான். எந்த மூலிகையும் அதைத் திரும்ப ஒட்டவைக்காது. அதன் வேலையைத் தற்காலிகமாகச் செய்ய வேறொன்றைப் பூசலாம். கண்டிஷனரின் மொத்த சூட்சுமமும் அவ்வளவுதான்.

கடையில் வாங்கும் கண்டிஷனர் இதை மின்னூட்டத்தை வைத்துச் சாதிக்கிறது. பிஎச் என்பது அமில, காரத்தன்மையைக் காட்டும் அளவு; எண் குறையக் குறைய அமிலம் கூடும். அது 3.7ஐ ஒட்டிய நிலையில் முடியின் மேற்பரப்பில் நேர், எதிர் மின்னூட்டங்கள் சமமாக இருக்கும். அதற்கு மேலே போனால், அதாவது சாதாரணத் தண்ணீரிலேயே, முடி எதிர் மின்னூட்டம் பெறுகிறது. சேதமான இடங்களில் இது இன்னும் அதிகம். கண்டிஷனரில் உள்ள செட்ரிமோனியம் குளோரைடு போன்ற மூலக்கூறுகளுக்கு ஒரு முனையில் நேர் மின்னூட்டம், மறுமுனையில் நீண்ட கொழுப்புச் சங்கிலி. நேர்முனை முடியைப் பற்றிக்கொள்ள, கொழுப்பு வால் வெளியே நீட்டிக்கொண்டு வழுக்கலைத் தருகிறது. எங்கே சேதம் அதிகமோ அங்கே அதிகமாக ஒட்டும். அலசிய பிறகும் ஒரு பகுதி தங்கும். அழகான ஏற்பாடு.

தாவரப் பசைக்கு இந்த வசதி இல்லை. வெந்தயத்தின் பசை கேலக்டோமேனன் என்ற நீண்ட சர்க்கரைச் சங்கிலி. அதற்கு மின்னூட்டமே கிடையாது. ஆளி விதைப் பசையின் ஒரு பகுதிக்கோ எதிர் மின்னூட்டம், அதாவது முடிக்கு இருக்கும் அதே மின்னூட்டம். பிறகு எப்படி வேலை நடக்கிறது? இந்தச் சங்கிலிகள் தம் எடையைப் போலப் பல மடங்கு தண்ணீரைப் பிடித்துவைத்துக்கொண்டு, இழைகளுக்கு நடுவே வழுக்கும் அடுக்காக நிற்கின்றன. அதனால் ஈர முடியில் சீப்பு தடையில்லாமல் இறங்குகிறது. தண்ணீர் உலர உலர, அவை ஹைட்ரஜன் பிணைப்புகளால் செதில்களின்மேல் மெல்லிய படலமாகப் படிகின்றன. தூக்கிக்கொண்டிருந்த விளிம்புகள் மூடப்பட்டு, ஒளி சீராகத் திரும்பி, முடி பளபளக்கிறது. ஆனால் அந்தப் பிடிப்பு தளர்வானது. அடுத்த முறை தண்ணீர் பட்டதும் கரைந்துவிடும். வீட்டுக் கண்டிஷனர் ஒரே குளியலோடு போய்விடுகிறதே என்று குறைப்படுகிறவர்கள் பார்ப்பது இதைத்தான். மூலிகை சரியில்லை என்று அர்த்தமில்லை.

இதில் எனக்கு மிகவும் பிடித்த விஷயம் ஒன்று உண்டு. கொத்தவரை விதையின் கோந்தும் ஒரு கேலக்டோமேனன்தான், வெந்தயப் பசைக்கு நெருங்கிய உறவு. ஆலைகளில் அந்தக் கோந்தோடு நேர் மின்னூட்டமுள்ள தொகுதிகளை இணைத்து, ஷாம்புகளிலும் கண்டிஷனர்களிலும் சேர்க்கிறார்கள். வெந்தயத்துக்கு இல்லாத ஒட்டும் குணம் அப்படித்தான் அதன் உறவுக்குக் கிடைக்கிறது. இயற்கை, ரசாயனம் என்று இரண்டாகப் பிரித்து வாதாடுவது இங்கே உதவாது. மூலக்கூறின் வடிவமும் மின்னூட்டமும்தான் முடிவு செய்கின்றன.

சரி, செய்முறைக்கு வருவோம். புதிதாகத் தொடங்குகிறவர்களுக்கு ஆளி விதையைத்தான் சொல்வேன். அதன் பசை விதையின் வெளித்தோலிலேயே இருப்பதால் அரைக்க வேண்டியதில்லை. அரைத்தால் உள்ளிருக்கும் எண்ணெயும் துகள்களும் கலந்து வடிகட்ட முடியாமல் போகும். 2 மேசைக்கரண்டி விதைக்கு 400 மில்லி தண்ணீர். சிறு தீயில் வைத்துக் கிளறிக்கொண்டே இருந்தால் 8, 10 நிமிடத்தில் வெள்ளை நுரை கட்டும். கரண்டியைத் தூக்கினால் நீர் சொட்டாமல் இழையாக வழியும். அந்த நேரத்தில் இறக்கி, சூடு இருக்கும்போதே கவனமாக வடிகட்ட வேண்டும். ஆறினால் இன்னும் கெட்டிப்பட்டு, விதையோடு சேர்ந்து உட்கார்ந்துவிடும். அப்புறம் எவ்வளவு பிழிந்தாலும் இறங்காது.

வெந்தயத்தில் நிலைமை நேர்மாறு. பசை விதைக்குள்ளே இருக்கிறது, எனவே இரவு முழுக்க ஊறவைத்து, நைசாக அரைத்து, தண்ணீர் சேர்த்து, துணியில் பிழிய வேண்டும். விழுதை அப்படியே அப்பிக்கொள்வதை நான் பரிந்துரைக்க மாட்டேன். அரைபடாத தோல் துணுக்குகள் முடியில் மாட்டிக்கொள்ளும். அவற்றை எடுக்கும்போது ஏற்படும் உராய்வு, கண்டிஷனரால் கிடைத்த நன்மையைத் தின்றுவிடும். செம்பருத்தி இலைக்கு அடுப்பே வேண்டாம். கழுவிய இலைகளைத் தண்ணீரில் போட்டுக் கையால் கசக்கினால் செல்கள் உடைந்து பசை நீரில் இறங்கும். கற்றாழையில் பச்சைத் தோலை ஒட்டி மஞ்சளாக ஒரு பால் வரும். அதிலுள்ள அலோயின் தோலை எரிச்சலூட்டக்கூடியது. வெட்டிய மடலைக் கால் மணி நேரம் நிமிர்த்தி வைத்து அந்தப் பாலை வடியவிட்டு, கழுவிய பிறகே உள்ளிருக்கும் சதையை எடுக்க வேண்டும். அந்தச் சதையில் 98 சதவீதத்துக்கு மேல் தண்ணீர்தான். மீதியில் உள்ள சர்க்கரைச் சங்கிலிகளையும் மடலின் சொந்த நொதிகளே சிதைக்கத் தொடங்கிவிடும். கற்றாழையை எடுத்த உடனே தடவுவது நல்லது என்பது அதனால்தான்.

எண்ணெயை இந்தப் பசையோடு கலக்கும் குறிப்புகள் நிறைய உண்டு. எனக்கு அது சரியாகப் படவில்லை, ஏனென்றால் எண்ணெயின் இடம் வேறு, நேரமும் வேறு. நனைந்த முடி தன் எடையில் சுமார் 30 சதவீதம் தண்ணீரை உறிஞ்சிக்கொள்கிறது. குறுக்களவு 15 சதவீதம் அளவுக்கு உப்புகிறது, நீளம் ஓரிரு சதவீதமே கூடுகிறது. உப்பி உப்பி வற்றும்போது செதில்கள் நெம்பப்படுகின்றன. உள்ளே இருக்கும் புரதமும் கொஞ்சம் கொஞ்சமாகக் கழுவிப் போகிறது. 2003இல் வெளியான ஓர் ஆய்வில் தேங்காய் எண்ணெய், சூரியகாந்தி எண்ணெய், கனிம எண்ணெய் மூன்றையும் ஒப்பிட்டபோது, புரத இழப்பைக் குறைத்தது தேங்காய் எண்ணெய் மட்டும்தான். அதில் ஏறக்குறைய பாதி லாரிக் அமிலம். 12 கார்பன் கொண்ட, கிளையில்லாத, குட்டையான சங்கிலி என்பதால் அதன் கொழுப்பு மூலக்கூறுகள் முடிக்குள் நுழைய முடிகிறது. தண்ணீர் உள்ளே போவதை அது தடுக்க வேண்டுமானால் தண்ணீருக்கு முன்பே அங்கே இருக்க வேண்டும் அல்லவா? ஆகவே குளிப்பதற்குச் சில மணி நேரம் முன்பு, காய்ந்த முடியில், நடுப்பகுதியிலிருந்து நுனிவரை ஓரிரு தேக்கரண்டி போதும். பொடுகு இருப்பவர்கள் உச்சந்தலையில் எண்ணெய் வைக்காமல் இருப்பது நல்லது. பொடுகோடு தொடர்புள்ள மலசீசியா என்ற பூஞ்சைக்குக் கொழுப்பு அமிலங்கள்தான் உணவு.

அடுத்தது அமிலம். காரத்தன்மையுள்ள சோப்பு முடியை உப்பவைத்துச் செதில்களைத் தூக்கிவிடும்; உப்புநீரில் உள்ள கால்சியம் சோப்போடு சேர்ந்து வெள்ளையாகப் படியும். 300 மில்லி தண்ணீரில் 1 மேசைக்கரண்டி வினிகர் கலந்து, தலையை அலசி முடித்ததும் ஊற்றினால் படிவு கரையும், எதிர் மின்னூட்டம் குறையும், செதில்கள் அடங்கும். வினிகரை நீர்க்காமல் ஊற்றுவதில் எந்தக் கூடுதல் பயனும் இல்லை. அது வீரியம் குறைந்த அமிலம். 10 மடங்கு நீர்த்தாலும் பிஎச் அரை அலகுதான் ஏறும். ஆனால் தோல் எரிச்சல் பெருமளவு தவிர்க்கப்படும். குளிர்ந்த நீர் செதில்களை மூடிவிடும் என்று பரவலாகச் சொல்கிறார்கள். குளிர்ந்ததும் சுருங்கி மூட இறந்த செதிலில் எதுவும் இல்லை. அமிலம் செய்கிற வேலையைக் குளிர் செய்வதில்லை. சமையல் சோடா அமிலத்துக்கு நேர் எதிர், பிஎச் 8க்கு மேல், எனவே அதைத் தலைப்பக்கம் கொண்டுவராதீர்கள். முட்டையின் புரதம் செதிலைத் தாண்ட முடியாத அளவுக்குப் பெரியது. உள்ளே போகும் என்று எதிர்பார்த்துத் தடவுவதில் பயனில்லை.

இப்போது வரிசை தெளிவாகிவிடும். எண்ணெய், தலைக்குளியல், அமில நீர், கடைசியில் பசை. பசைக்குப் பின் அமில நீரை ஊற்றினால் தடவியதெல்லாம் சாக்கடைக்குப் போகும். துண்டால் ஒற்றியெடுத்த ஈர முடியில் பசையைத் தடவி, அகலப் பல் சீப்பால் முதலில் நுனிச் சிக்கை எடுத்து, படிப்படியாக மேலே ஏற வேண்டும். 20 நிமிடம் போதும். அதற்கு மேல் வைத்தால் காய்ந்து விறைக்குமே தவிர கூடுதலாக ஒட்டாது. பிறகு அரைகுறையாக அலசுங்கள். கொஞ்சம் தங்கினால்தான் பலன். சுருட்டை முடிக்காரர்கள் அலசாமலே விடலாம், அந்தப் படலம் சுருளைப் பிடித்துவைக்கும். அளவு அதிகமானால் காய்ந்த படலம் வெடித்து வெள்ளைத் துகளாக உதிரும். அதைப் பொடுகு என்று பயப்பட வேண்டாம், அடுத்த முறை பாதியாகக் குறைத்தால் சரியாகிவிடும். 100 மில்லி பசைக்கு அரைத் தேக்கரண்டி கிளிசரின் சேர்த்தால் படலம் வளைந்துகொடுக்கும். காற்றில் ஈரப்பதம் மிகுந்த நாட்களில் மட்டும் அது பிசுபிசுக்கும்.

முதல் முறை தடவும் முன் முழங்கை மடிப்பில் சிறிது பூசி 48 மணி நேரம் பார்த்துக்கொள்ளுங்கள். நிலக்கடலை ஒவ்வாமை உள்ளவர்களில் சிலருக்கு வெந்தயமும் ஒத்துக்கொள்வதில்லை. இரண்டும் ஒரே தாவரக் குடும்பம். சர்க்கரையும் தண்ணீரும் கலந்த இந்தப் பசை நுண்ணுயிரிகளுக்கு நல்ல தீனி என்பதையும் மறக்கக் கூடாது. ஃப்ரிட்ஜில் 3, 4 நாள் தாங்கும். வாசம் மாறினாலோ இழுபடும் தன்மை குறைந்தாலோ கொட்டிவிட வேண்டியதுதான். நிறையச் செய்துவிட்டால் ஐஸ் தட்டில் ஊற்றி உறையவைத்து, வேண்டும்போது இரண்டு மூன்று கட்டிகளை எடுத்து, முழுதும் உருகிய பிறகு நன்றாகக் கலக்கிப் பயன்படுத்தலாம்.