மருந்து தெளிக்கும் முன் இலையைத் திருப்பிப் பாருங்கள்

மாரி மழை ஓய்ந்து மாமரங்கள் பூக்கத் தொடங்கி, தேசியும் கொய்யாவும் புதுத் துளிர் விடும் காலத்தில், வன்னியின் கமநல சேவை நிலையங்களுக்குப் பூச்சி பிடித்த இலைகளைப் பொலித்தீன் பைகளில் எடுத்துக்கொண்டு வருவோரின் தொகை கூடிவிடும். கிளிநொச்சி, முல்லைத்தீவுப் பகுதிகளில் விவசாயப் போதனாசிரியராகப் பணியாற்றும் என்னிடம் அவர்கள் கேட்கும் முதற் கேள்வி பெரும்பாலும் ஒன்றேதான்: “இதுக்கு என்ன மருந்து அடிக்கலாம், சேர்?” அந்தப் பைகளில் சிலவற்றுள் இருப்பது பீடையே அல்ல, பீடையைத் தின்ன வந்த பூச்சி. அப்படி வருவனவற்றுள் பொறிவண்டின் புழுவையே நான் அதிகம் கண்டிருக்கிறேன்.

சிவப்பு முதுகில் கறுப்புப் புள்ளிகள் கொண்ட வளர்ந்த வண்டைச் சிறு பிள்ளைகளும் அறிவர். அதன் புழுவோ, கறுத்து நீண்ட உடலும் செம்மஞ்சள் திட்டுகளும் ஆறு கால்களுமாக ஒரு குட்டி முதலையைப் போல இலைமீது ஓடித் திரிவதால், அதையும் வண்டையும் ஒரே உயிரின் இரு பருவங்கள் என்று எவரும் எளிதில் எண்ணுவதில்லை. முட்டைகள் மஞ்சளாக, நீள்வட்டமாக, இலையின் அடிப்பக்கத்தில் கூட்டமாக நிமிர்ந்து நிற்கும். முட்டை வண்டாவதற்கு ஏறத்தாழ 3 முதல் 4 வாரங்கள் எடுக்கும். அதற்குள் ஒரு புழு, துளிர்களில் கூட்டமாக இருந்து சாறு உறிஞ்சும் சிறு பூச்சியான அழுக்கணவன்களை நூற்றுக்கணக்கில் தின்று தீர்த்துவிடும். இன்னும் கவனம் வேண்டிய இடம் ஒன்று உண்டு. வெண்ணிற மெழுகால் மூடிக்கொண்டு சாறு உறிஞ்சும் வெண்மூட்டுப்பூச்சியைத் தின்னும் சில பொறிவண்டு இனங்களின் புழுக்கள் தாமும் வெண்ணிற மெழுகு இழைகளால் மூடப்பட்டு, இரையிடையே இரையாகவே தோற்றமளிக்கும். ஒரு குச்சியால் மெல்லத் தொட்டுப் பாருங்கள்: வெண்மூட்டுப்பூச்சி அநேகமாக இருந்த இடத்திலேயே இருக்கும், நீண்ட இழைகளோடு விரைந்து நகர்வது உங்களுக்கு உதவ வந்த புழு.

பரந்த அளவில் கொல்லும் பூச்சிநாசினியை விசிறும்போது பீடையும் அதைத் தின்னும் பூச்சியும் சம அளவில் சாவதில்லை. மெழுகுப் போர்வையின் கீழும் மரப்பட்டை இடுக்குகளிலும் கிடக்கும் வெண்மூட்டுப்பூச்சிகளில் ஒரு பகுதி தப்பிவிடும். இரை தேடி இலையெங்கும் நடந்து திரியும் பொறிவண்டுப் புழுவோ முழு நஞ்சையும் தன் உடலில் ஏற்றுக்கொள்ளும். அழுக்கணவன் ஆணின்றியே குட்டி ஈன்று, ஒரு வாரமளவில் அடுத்த தலைமுறையைத் தொடங்கிவிடக்கூடியது; பொறிவண்டு மீண்டு வர ஒரு மாதமாவது வேண்டும். மருந்து அடித்த சில வாரங்களில் முன்னைவிட மோசமாகிவிட்டது என்று வருத்தப்படுவோரின் மரங்களில் பல வேளைகளில் நடந்திருப்பது இதுதான்.

இது புதிதாகக் கண்ட உண்மையுமன்று. அவுஸ்திரேலியாவிலிருந்து கலிபோர்னியாவுக்குப் புகுந்து தோடை மரங்களை அழித்துக்கொண்டிருந்த பஞ்சுச் செதிற்பூச்சியை, அதே நாட்டிலிருந்து 1888, 1889 ஆம் ஆண்டுகளில் அல்பேர்ட் கோபெலே என்பவர் சேகரித்து அனுப்பிய சில நூறு பொறிவண்டுகளே பெருகி அடக்கின. 1940களில் அங்கே டி.டி.ரீ. என்ற பூச்சிநாசினியைத் தெளிக்கத் தொடங்கியபோது வண்டுகள் மடிய, அடங்கியிருந்த செதிற்பூச்சி மீண்டும் தலைதூக்கியது. நம் நாட்டிலும் பப்பாசியைத் தாக்கும் வெண்மூட்டுப்பூச்சி 2008 இல் கண்டறியப்பட்டபோது, அதைப் பெரிதும் கட்டுப்படுத்தியது 2009 இல் தருவிக்கப்பட்ட ஒரு சிறு ஒட்டுண்ணிக் குளவியாகும். போரின் இறுதிக் கட்டத்துள் சிக்கியிருந்த வன்னி மக்களை அச்செய்தி அன்று எட்டியிருக்க வழியில்லை. மீள்குடியேற்றத்தின் பின் அவர்கள் வளவுகளில் நட்ட ஒட்டு மாங்கன்றுகள் இன்று காய்க்கும் மரங்களாகிவிட்டன. அம்மரங்கள் மீது அவர்களுக்குள்ள அக்கறைதான் தெளிகருவியை விரைந்து தூக்கவும் வைக்கிறது என்பதை நான் அறிவேன்.

இலைகள் கரி பூசியது போலக் கறுத்துவிட்டால் அதையே நோயென்று எண்ணிப் பங்கசுநாசினி வாங்குவோர் உளர். மாமரத்தில் தத்திகளும், கொய்யாவிலும் தேசியிலும் அழுக்கணவன், வெள்ளை ஈ, வெண்மூட்டுப்பூச்சி ஆகியனவும் சாற்றை உறிஞ்சிக் கழிக்கும் இனிப்பு நீர்மத்தின் மேல்தான் அக்கரும்பூஞ்சணம் வளர்கிறது. உறிஞ்சும் பூச்சி அடங்கினால் அதுவும் வளராது. படிந்திருப்பது மழையிலோ குழாய்நீரிலோ கழுவப்பட்டுப் போகும்.

அதே இனிப்பைத் தேடித்தான் எறும்புகளும் ஏறுகின்றன. அவை வெண்மூட்டுப்பூச்சியைக் காவல் காத்து, நெருங்கும் பொறிவண்டுகளையும் குளவிகளையும் விரட்டிவிடும். ஆகவே கொய்யாவிலோ அன்னமுன்னாவிலோ வெண்மூட்டுப்பூச்சி கண்டால், நான் முதலில் சொல்வது எறும்பின் பாதையை அடைக்கும்படியே. அடிமரத்தைச் சுற்றிப் பொலித்தீன் பட்டியொன்றை இறுகக் கட்டி, அதன் மேல் கிறீஸ் பூச வேண்டும். பட்டையில் நேரடியாகப் பூசக் கூடாது. வேலியையோ பக்கத்து மரத்தையோ தொடும் கொப்புகளையும் வெட்டாவிட்டால் பட்டியால் பயனில்லை. ஆனால் உயர்ந்த மாமரத்தில் கூடு கட்டியிருக்கும் முசுறு எறும்புகளை, அங்கு வெண்மூட்டுப்பூச்சி இல்லாதவிடத்து, விட்டுவிடுவதே நல்லது என்பது என் கருத்து. புழுக்களையும் வேறு பல பூச்சிகளையும் அவை வேட்டையாடும். சீனாவின் தோடைத் தோட்டங்களில் இதற்காகவே முசுறுக் கூடுகளை விலைக்கு வாங்கிக் கட்டிய வழக்கம் 4 ஆம் நூற்றாண்டிலேயே பதிவாகியுள்ளது.

பொறிவண்டுக் குடும்பத்திலும் பயிர் தின்னும் இனங்கள் உண்டு. கத்தரியிலும் பாகலிலும் இலையைச் சுரண்டிச் சல்லடையாக்கும் 28 புள்ளி வண்டு மங்கிய நிறமும் நுண்மயிரும் கொண்டது. அதன் புழு மஞ்சளாக, முட்களோடு இருக்கும். அவற்றைக் கையால் பொறுக்கி அழிக்கலாம்.

பொறிவண்டால் தீராத பீடைகளும் உள்ளன. தேசிக் கன்றின் துளிரைத் தின்னும், பறவை எச்சமாகத் தோன்றிப் பின் பச்சையாகும் மயிரற்ற புழுவைக் கையால் எடுப்பதே போதும். பழ ஈயோ காய்க்குள்ளே முட்டையிடுவதால் வெளியே தெளிப்பது உள்ளிருக்கும் புழுவை எட்டாது. முற்றும் பருவத்துக்கு முன் காய்களுக்கு உறை கட்டுவதும், விழுந்த பழங்களை அன்றன்றே பொறுக்கி ஆழப் புதைப்பதும், ஆண் ஈக்களைக் கவரும் மெதைல் இயூஜினோல் பொறி வைப்பதுமே பயன் தரும். இதை அயல் வளவுகளும் சேர்ந்து செய்தல் வேண்டும்.

தெளித்தே ஆகவேண்டிய நிலை வந்தால், முதலில் பாதித்த கொப்பை வெட்டி அகற்றி, வலுவான நீர்த் தாரையால் அடித்துக் கழுவிப் பாருங்கள். அதற்கும் அடங்காவிடில், ஒரு லீற்றர் நீருக்கு 50 கிராம் இடித்த வேப்பம் பருப்பை இரவு முழுதும் ஊறவைத்து வடித்து, சிறிது சவர்க்காரம் கலந்து, மாலையில், பீடையுள்ள கொப்புகளில் மட்டும் தெளியுங்கள். பூத்திருக்கும் மரத்தில் தேனீக்கள் பறக்கும் நேரத்தில் எதையும் தெளிக்காதீர்கள். பூச்சி எதுவென்று தெரியாவிட்டால், மருந்துக் கடைக்குப் போகுமுன் அதை இலையோடு உயிருடன் ஒரு போத்தலில் இட்டு, காற்றுப் புக மூடியில் துளையிட்டு, எங்களிடம் கொண்டுவாருங்கள். வர இயலாதவர்கள் விவசாயத் திணைக்களத்தின் 1920 என்ற இலக்கத்தை அழைத்துக் கேட்கலாம்.