"இத்தனை வருடம் நின்ற கட்டடம், இன்றைக்கா விழும்?"

போன வாரமும் ஒரு வீடியோவை அனுப்பிப் பார்க்கச் சொன்னார்கள். பாழடைந்த பெரிய வீடு, சாய்ந்த வெயில், உரிந்து தொங்கும் பெயிண்ட், சுவரைப் பிளந்து எட்டிப் பார்க்கும் செடி. 4ஆவது நிமிடத்தில் கேமரா மரத்தளத்தோடு கீழே போகிறது. எடுத்த பையன் பிழைத்துக்கொண்டான். இரண்டு குதிகாலும் நொறுங்கிவிட்டன. பழைய கட்டடங்களின் உறுதியைப் பரிசோதிப்பது என் தொழில். இந்த வகையில் இது எனக்கு மூன்றாவது வீடியோ.

"இத்தனை வருடம் நின்றது, நான் போகிற அரை மணி நேரத்திலா விழப்போகிறது?" பாழடைந்த கட்டடத்துக்குள் வீடியோ எடுக்கப் போகிற எல்லோரும் இதையேதான் கேட்கிறார்கள். அது தன் எடையைத் தாங்கி நின்றது, சரி. ஒரு ஆளின் எடையைத் தாங்கி எத்தனை வருடம் ஆயிற்று? ஆட்கள் வெளியேறிய அன்றே பராமரிப்பும் நின்றது. நகர்ந்த கூரை ஓடுகளை மாற்ற ஆளில்லை, அடைத்த மழைநீர்க் குழாயைக் குத்திவிட ஆளில்லை. பத்து வருடம் நின்றது என்றால் பத்து மழைக்காலம் நனைந்தது என்று கணக்கு. உடனே ஒருவர், "கான்கிரீட் நாளாக நாளாக இறுகும் சார்" என்பார். இறுகட்டும். உள்ளே இருக்கும் கம்பி? துரு, தான் தின்ற இரும்பைப்போல இரண்டு முதல் ஆறு மடங்கு இடத்தை அடைத்துக்கொண்டு கான்கிரீட்டை உள்ளிருந்தே பிளக்கும். நீங்கள் ரசித்து ரசித்து க்ளோசப் எடுக்கிற பழுப்புக் கறை அதுதான்.

மரத்தளத்தில் பலகை நன்றாகத்தான் தெரியும். சுவருக்குள் செருகிய உத்திரத்தின் முனைதான் முதலில் மக்கும்; அது எந்த ஷாட்டிலும் வராது. பால்கனி இன்னும் மோசம். அதில் முக்கியக் கம்பி மேல்பக்கம் இருக்கிறது, தண்ணீர் தேங்குவதும் அங்கேதான். அடியில் பார்த்தால் சுத்தமாக இருக்கும், ஒருநாள் தொய்வுகூடக் காட்டாமல் முறியும். அதன்மேல் ஏறாதீர்கள், கீழேயும் நிற்காதீர்கள்.

மூடிக்கிடக்கும் இரும்புத் தொட்டிக்குள் தலையை விடவே வேண்டாம். அங்கிருந்த ஆக்சிஜனைத் துரு எடுத்துக்கொண்டிருக்கும். உடைந்த ஆஸ்பெஸ்டாஸ் ஷீட்டையும் வவ்வால் எச்சத்தையும் கிளறாதீர்கள், கிளம்பும் தூசிக்குத் துணி மாஸ்க் போதாது.

உரிமையாளரிடம் அனுமதி கேளுங்கள். தனியாகப் போகாதீர்கள். அப்புறம், கெஞ்சிக் கேட்கிறேன், ஸ்க்ரீனைப் பார்த்தபடி பின்னால் நடக்காதீர்கள். நடக்கும்போது கேமராவை இறக்குங்கள், நின்றபின் எடுங்கள். வெளியே நின்று ஜூம் லென்ஸில் எடுத்தாலும் அந்த வெயில் அழகாகத்தான் விழும்.

அந்தப் பையனின் வீடியோவை மறுபடி ஓட்டிப் பார்த்தேன். விழுவதற்குச் சற்று முன்னால் கூரையில் ஒரு ஓட்டை, அதன் நேர் கீழே கறுத்து ஈரமான பலகை. இரண்டையும் நிதானமாக, அழகாக எடுத்திருக்கிறான்.